வேலை செய்யும் மருந்து

"நர்ஸம்மா, நான் பொழச்சது டாக்டராலயும் இல்ல, மருந்தாலயும் இல்ல. உங்க கையாலதான்!"

எட்டாம் படுக்கைத் தையல்காரம்மா வீட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். இரண்டு மாதத்துக்கு முன்பு நாலு எட்டு வைத்தாலே மூச்சு வாங்கியவள், இப்போது கட்டிலுக்கு அடியில் குனிந்து செருப்பைத் தேடிக்கொண்டே பேசினாள்.

"அப்படியெல்லாம் ஒண்ணுமில்ல" என்றாள் நர்ஸ்.

"ஒண்ணுமில்லாம என்ன? எனக்குன்னு எட்டிப் பார்க்க ஒரு நாதி கிடையாது. நீங்கதான் தினம் காலைல பக்கத்துல நின்னு, வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்து மாத்திரை குடுத்தீங்க. முதல் வாரம் குடலே வெளியில வந்துடும் போல வாந்தி. அப்புறம் பாருங்க, பச்சைத் தண்ணியாட்டம் இறங்கிச்சு. இந்தாங்க."

ஒரு துணிப்பையை நர்ஸின் கையில் திணித்தாள்.

"நானே தைச்சது. எந்தத் துணின்னு மட்டும் கேக்காதீங்க. படுக்கை விரிப்பு ஒண்ணு குறையுதுன்னு ஆயா காலையிலேர்ந்து தேடிக்கிட்டிருக்கா!"

ஏழாம் படுக்கையில் கிடந்த பெண் சிரித்தாள். சிரிப்பு இருமலாகி, இருமல் வாந்தியில் முடிந்தது. நர்ஸ் ஓடிப்போய்த் தட்டை ஏந்தினாள். படுத்திருந்தவள் அவளுடைய சொந்தத் தங்கை.

"போதும்க்கா. இந்த மாத்திரையே வேண்டாம். முதல் வாரம் நல்லாத்தானே இருந்தேன்?"

"வாயை மூடுடி. புது மருந்துன்னா உடம்பைப் புரட்டத்தான் செய்யும். வேலை செய்யுதுன்னு அர்த்தம்."

சொன்னவள் தங்கையின் முகத்தைப் பார்க்கவில்லை. தோள்பட்டை எலும்பு துருத்திய இடத்தில் போர்வையை இழுத்து மூடினாள்.

அந்த வார்டில் இருந்த நாற்பது பேருக்கும் ஒரே வியாதி. லேசில் அடங்காத காசநோய். ஆராய்ச்சிக்காக இருபது பேருக்குப் புது மருந்து, இருபது பேருக்குப் பழைய மருந்து. இரண்டும் ஒரே நிறம், ஒரே அளவு. டப்பா மேல் படுக்கை எண் மட்டும்தான் இருக்கும். யாருக்கு எது என்று நோயாளிக்கும் தெரியாது, நர்ஸுக்கும் தெரியாது, டாக்டருக்கும் தெரியாது. அந்தப் பட்டியல் சீல் வைத்த உறைக்குள் இருந்தது. அந்த உறையை இன்று பிரிக்கிறார்கள்.

"சிஸ்டர், டாக்டர் கூப்பிடுறாரு!" என்று ஆயா வாசலில் இருந்து குரல் கொடுத்தாள்.

டாக்டரின் மேசையில் உறை கிழிந்து கிடந்தது. மனிதர் முகமெல்லாம் பல்லாக இருந்தார்.

"வாங்க சிஸ்டர். நம்ம பாடு வீண் போகல. புது மருந்து சாப்பிட்ட இருபது பேர்ல பத்தொன்பது பேருக்குச் சளியில கிருமியே இல்ல. இன்னொண்ணு கவனிச்சீங்களா? அந்த வாந்தித் தொல்லை அத்தனையும் பழைய மருந்தோட வேலை. புதுசுல ஒரே ஒருத்தரைத் தவிர யாருக்கும் குமட்டல் கிடையாது."

நர்ஸ் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள்.

"பழைய மருந்துல யாராவது..."

"ஒரே ஒருத்தங்க. உங்க எட்டாம் நம்பர் தையல்காரம்மா. கட்டை உடம்பு போல, பழைய மருந்துலயே எழுந்து உட்கார்ந்துட்டாங்க!" சிரித்தவர், அவள் முகத்தைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்தினார். "புது மருந்துக்கும் கேக்காத அந்த ஒருத்தங்க..."

"என் தங்கச்சி."

"ஆமா சிஸ்டர். ஏழாம் நம்பர் டப்பா புது மருந்துதான். எல்லாரையும் தூக்கி நிறுத்தின மருந்து அவங்களை மட்டும் கைவிட்டுடுச்சு. ஏன்னு எனக்கே புரியல."

அவள் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

"நாளையிலேர்ந்து பழைய மருந்து சாப்பிட்டவங்க எல்லாரையும் புதுசுக்கு மாத்தறோம். உங்க தங்கச்சிக்கு மறுபடி குடுக்க முடியாது. கேக்காத மருந்தை நிறுத்திடணும், அதுதான் விதி. வேற மருந்தும் கைவசம் இல்ல. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க. இருக்கிற வரைக்கும் கூட இருங்க." ஒரு காகிதத்தை அவள் பக்கம் தள்ளினார். "உங்க மேல ஒரு குறையும் இல்ல. பதிவேட்டைப் பார்த்தேன். ஒரு வேளைகூடத் தவறல, அத்தனையும் உங்க கையெழுத்து. இங்கேயும் ஒரு கையெழுத்துப் போடுங்க, உறவினர்ங்கிற இடத்துல."

அவள் பேனாவை எடுத்தாள். வெளியே தையல்காரம்மா படுக்கை படுக்கையாக விடைபெற்றுக்கொண்டிருந்தாள். "வர்றேம்மா... உடம்பைப் பார்த்துக்கோடி ஏழாம் நம்பரு... உனக்கென்ன, கூடவே அக்கா இருக்கா!"

நர்ஸ் பேனாவைக் கீழே வைத்தாள்.

"டாக்டர், என் தங்கச்சிக்குப் புது மருந்து குடுங்க."

"சிஸ்டர், உங்க வேதனை புரியுது. ரெண்டு மாசமா அதைத்தானே சாப்பிட்டாங்க?"

"முதல் வாரம் மட்டும்தான் சாப்பிட்டா. அவளுக்கு வாந்தி வரல, பக்கத்துப் படுக்கைக்கு வந்துச்சு. அதுதான் புது மருந்துன்னு நெனச்சேன்." தோளில் தொங்கிய துணிப்பையை அவள் விரல்கள் கசக்கின. "அந்தம்மாவுக்குக் கேக்க ஆளில்லங்கிற தைரியத்துல, ரெண்டாவது வாரத்திலேர்ந்து தினம் காலைல ரெண்டு பேரோட மாத்திரையையும் நான்தான் மாத்திக் குடுத்தேன்."