வரைபடம் இல்லாத உலகம்

"உலக வரலாறு முதல்முதலா படிக்கிறவங்களுக்கு எந்தப் புத்தகம் நல்லாயிருக்கும் சார்?" என்று கேட்டாள் அந்தப் பெண்.

கடைக்காரர் ஆசையாக ஒன்றை எடுத்து நீட்டினார். பக்கத்துக்குப் பக்கம் வரைபடம்.

"வரைபடம் இல்லாததா காட்டுங்க."

அடுத்த புத்தகத்தில் நான்கே நான்கு வரைபடங்கள் இருந்தன.

"இந்த நாலையும் கிழிச்சிட்டுக் குடுப்பீங்களா? கெட்டி அட்டையும் வேண்டாம்."

அவருக்குச் சுர்ரென்று கோபம் வந்தது.

"ஏம்மா, நாகரிகம் எந்த ஆத்தங்கரையில தோணுச்சுன்னே தெரியாம என்ன வரலாறு படிக்கிறது? முப்பது வருஷமா கடை வச்சிருக்கேன், கிழிச்சுக் குடுன்னு ஒருத்தரும் கேட்டதில்ல. படிக்கப் போற புண்ணியவான் யாரு?"

"என் தம்பி."

"அவரையே வரச் சொல்லுங்க. நான் பேசிக்கிறேன்."

"வர முடியாது சார்." கைப்பையிலிருந்து ஒரு சீட்டை எடுத்து வைத்தாள். மேலே சிறைச்சாலை முத்திரை. கீழே, 'கெட்டி அட்டை, வரைபடம் உள்ள நூல்களுக்கு அனுமதியில்லை.'

"ரெண்டு புத்தகம் திரும்பி வந்திருச்சு. வரைபடத்தைப் பாத்துத் தப்பிச்சுப் போயிடுவாங்களாம்."

"இது நாலாயிரம் வருஷத்துக்கு முந்தின வரைபடம். இதுல இருக்கிற ஊரு ஒண்ணுகூட இப்ப இல்ல. இதைப் பாத்து எங்கேம்மா தப்பிச்சுப் போறது?" கோபம் குறையவில்லை, ஆள்தான் மாறியிருந்தது.

"நானும் கேட்டேன். ஆறெல்லாம் அங்கேயேதானே ஓடுதுன்னாங்க."

அவர் பிளேடை எடுத்தார். நான்கு வரைபடங்களையும் பிசிறில்லாமல் அறுத்தெடுத்து, கழற்றிய கெட்டி அட்டையோடு சேர்த்துத் தனி உறையில் போட்டு நீட்டினார்.

"பத்திரமா வச்சிருங்க. வெளிய வந்ததும் அவரையே எடுத்துட்டு வரச் சொல்லுங்க. ஒட்டித் தர்றேன்."