ஒன்றரை மணி நேர மந்திரம்

“யோவ் மந்திரவாதி, இது பழைய நேரமா, தோக்கியோ நேரமா? அதுகூடத் தெரியாம நீயெல்லாம் ஒரு இன்ஜினியர்.”

அழகம்மா வாசலில் நின்று புருஷன் சபாபதியை ஏசினால் ரப்பர் தோட்டமே கேட்கும். கடிகாரத்தை ஒன்றரை மணி முன்னால் தள்ளும்படி ஜப்பான்காரன் உத்தரவு போட்டதிலிருந்து, ஆலைச் சங்கை ஊதும் சபாபதிக்கு மந்திரவாதி என்றுதான் பட்டப்பெயர். ஜப்பான்காரர்களுக்கு மொழிபெயர்க்கும் துபாஷி ரத்தினம் கேட்டுக் கேட்டுச் சிரிப்பான்.

அழகம்மாவின் தம்பி முருகையாவுக்கும் சபாபதியைக் கண்டால் இளக்காரம். போனவர் திரும்பாத சயாம் ரயில் பாதை வேலைக்கு ஆள் பிடித்த பட்டியலில் தன் பெயர் வந்தபோது, “சலாம் போடத்தான் இந்த ஆளு லாயக்கு” என்று காறித் துப்பினான்.

புறப்படும் நாளன்று, சங்கு கேட்டதும் பட்டியலில் இருந்தவர்கள் மூட்டையோடு ஸ்டேஷனுக்கு ஓடினார்கள். சபாபதி பழைய நேரத்துக்கு ஊதிய சங்கு ஒன்றரை மணி தாமதம். ரயில் போய்விட்டிருந்தது.

ஜப்பான் அதிகாரி சபாபதியின் முன் வந்து வாளில் கை வைத்தான்.

“இவனுக்கு நேரமே தெரியாது துவான். பெண்டாட்டியே தினமும் ஏசுறா” என்றான் ரத்தினம்.

நாலு அறையோடு விட்டார்கள்.

முருகையா வீட்டுக்குள் நுழைந்தபோது, அக்காள் தன் புருஷனின் கன்னத்துக்கு ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

“ஒரு மாசமா நாம போட்ட நாடகம் வீண் போகலைங்க. ரொம்ப வலிக்குதா?” என்றவள், தம்பியைப் பார்த்தாள். “நிக்காதடா. அடுத்த ரயில் வர்றதுக்குள்ள பண்டார் பாரு ஊரைத் தாண்டித் தப்பிச்சிடு.”

“மாமா...” என்றான் முருகையா.

“உங்கக்கா ஏசினதைவிட இது குறைச்சல்தான்லா” என்றார் சபாபதி. “ஓடு.”