அட்டை ஸ்டேஷனில் ஒரு புகார்

"கட்! மறுபடியும் அந்தம்மாவா?" இயக்குநர் சோட்கர் தலையில் அடித்துக்கொண்டார்.

லால்பாக் தெருவில் போட்டிருந்த போலீஸ் ஸ்டேஷன் செட்டுக்குள், ஹீரோ வில்லனை அறையக் கை ஓங்கும்போதெல்லாம் ஒரு பெண் குறுக்கே வந்து நின்றாள்.

"எவ்வளவு சொன்னாலும் போகமாட்டேங்கிறா சார். பொண்ணைக் காணோமாம், புகார் கொடுக்கணுமாம்" என்றான் உதவி இயக்குநர்.

சோட்கரே எழுந்து போனார். "தாயி, இது ஸ்டேஷனே இல்ல, வெறும் பிளைவுட்டு. தட்டிப் பாரு! ஹீரோ போட்டிருக்கிறது வாடகைக் காக்கி. மூணு மணிக்கு அந்த மனுஷன் கிளம்பிடுவார். என் பொழப்புல மண்ணைப் போடாதே. அசல் ஸ்டேஷனுக்குப் போ!"

"அங்கேயிருந்துதான் வர்றேன் சாகேப்."

"அப்புறம் இங்க என்ன வேலை?"

"அங்க ஒரே ஒரு போலீஸ்காரர்தான் இருந்தார். மத்தவங்க எல்லாரும் ஷூட்டிங் பந்தோபஸ்துக்குப் போயிட்டாங்க, புகாரை அங்க போய்ச் சொல்லுன்னு அவர்தான் அனுப்பினார்."

அவள் சோட்கருக்குப் பின்னால் கையைக் காட்டினாள்.

"அதோ, ஹீரோ தோள்ல கை போட்டு செல்ஃபி எடுக்கிறாரே, அவர்தான் எங்க இன்ஸ்பெக்டர். நான் கூப்பிட்டா திரும்பமாட்டேங்கிறார். நீங்க கொஞ்சம் கூப்பிடுறீங்களா?"