இரண்டாவது பிணையாளி

"இதை உள்ளுக்கை குடு தம்பி. விடியத்திலையிருந்து வெறும் வயிறு. மயங்கி விழுந்தானெண்டால் கொண்டுபோய் ஆஸ்பத்திரியிலை போட்டிடுவாங்கள்."

நீதிமன்றத் தடுப்பறை வாசலில் நின்ற பொலிஸ்காரரிடம் இடியப்பப் பார்சலை நீட்டினார் முத்துக்குமாரு. உள்ளேயிருந்த கஜீபன் நிமிர்ந்து பார்த்தான். பார்த்த வேகத்திலேயே தலையைக் குனிந்துகொண்டான்.

அவன் கொடுத்த செக் காசில்லாமல் திரும்பிய வழக்கு. போன தவணைக்கு அவன் வரவில்லை. பிடியாணை பிறந்து, நேற்றுப் பின்னேரம் புத்தூர்ச் சந்தியில் வைத்துப் பொலிஸ் தூக்கிவிட்டது.

"ஏன் வரேல்லை எண்டு கேட்டால், அண்டைக்குக் கிணத்திலை தண்ணிமுறையாம்!" கஜீபனின் சட்டத்தரணி உதயகலாவிடம் வெடித்தார் முத்துக்குமாரு. "பங்குக் கிணறாம். தன்ரை முறையை விட்டால் பயிர் வாடிப்போமாம். கிணத்து முறையை மாத்தலாம், கோட்டுத் தவணையை மாத்தேலாதெண்டு முதல்நாளே போன் எடுத்துச் சொன்னனான். கேட்டவனோ?"

"அதை நான் நீதவானுக்குச் சொல்லுறன் ஐயா." வழக்கு உதயகலாவின் கைக்கு அன்று காலைதான் வந்திருந்தது. "ஆனால் ரெண்டு பேர் பிணை நிக்கோணும். ஒண்டு அவற்றை மனிசி. மற்றது ஆர்? ஆளில்லாட்டித் திங்கள்வரைக்கும் உள்ளுக்கைதான்."

"திங்களோ! வெங்காயம் பிடுங்காமல் கிடக்கு, வானம் இருட்டிக்கொண்டு வருது. நாளைக்கு லொறியோடை வாற யாவாரி, உவன்ரை கையிலைதான் காசு குடுப்பனெண்டு நிக்கிறான். மழை விழுந்தால் எல்லாம் அழுகல் பிள்ளை!"

கஜீபனின் தமையன் சிவதர்ஷனுக்குப் போன் எடுத்தார். மணி அடித்து நின்றது. மறுபடி எடுத்தபோது அதுவுமில்லை, அணைத்துவிட்டான். கஜீபனின் உரும்பிராய் மச்சான் மட்டும் "ஓம் ஓம், வெளிக்கிட்டிட்டன்" என்றான்.

"வெளிக்கிட்டவர் பாயிலை படுத்துக்கொண்டு கதைக்கிறார். குரலிலையே தெரியுது!"

கஜீபனின் மனைவி நிரோஜா தூணோரம் நின்றாள். முத்துக்குமாரு வாங்கி நீட்டிய தேத்தண்ணியை எடுத்தாள். அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

"ஐயான்ரை மகனோ?" பக்கத்தில் நின்ற ஒருவர் இரக்கத்தோடு கேட்டார்.

"மகனெண்டால் உள்ளுக்கை கிடவடா எண்டு விட்டிட்டுப் போயிருப்பன்!"

வழக்கைக் கூப்பிட்டார்கள். வழமையான நீதவான் விடுமுறை. அன்றைக்கு மட்டும் வந்திருந்த பதில் நீதவான், தண்ணிமுறைக் கதையைக் கேட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"கிணத்துக்குத் தவறாத மனிசன், நீதிமன்றத்துக்கு மட்டும் தவறியிருக்கிறார். சரி, பிணை தரலாம். இரண்டாவது பிணையாளி எங்கே?"

உதயகலா வாசலைப் பார்த்தாள். மச்சானைக் காணவில்லை.

"ஆள் இல்லையெண்டால் திங்கள்வரைக்கும் விளக்கமறியல்."

வெளியே எங்கோ இடி உருண்டது. முத்துக்குமாரு வாய்க்குள் மச்சானின் பரம்பரையை ஒருமுறை விசாரித்தார். பிறகு, எதற்கும் இருக்கட்டுமென்று விடியவே கிராம அதிகாரி விதானையாரிடம் வாங்கிவந்த, பிணைக்கு வேண்டிய வதிவிடக் கடிதத்தைச் சட்டைப் பையிலிருந்து உருவிக்கொண்டு, யாரும் கூப்பிடாமலே கூண்டில் ஏறினார்.

நீதவான் அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"எதிரி கஜீபன் உமக்கு என்ன உறவு?"

"ஒரு சொந்தமும் இல்லை ஐயா. வழக்குப் போட்டவனே நான்தான்."