மருமகள் படுத்த பெஞ்சு

நாரின் என்னும் மலையாற்றின் கரையோர ஆஸ்பத்திரியில், முதுகெலும்பு டாக்டர் அறைக்கு வெளியே இருந்த ஒரே பெஞ்சில் அந்தப் பெண் கால் நீட்டிப் படுத்திருந்தாள். மூன்று பேர் உட்காரக்கூடிய பெஞ்சு.

பக்கத்தில் அவளுடைய மாமியார், எழுபது வயதுக் கிழவி, சுவரில் கை ஊன்றி நின்றுகொண்டிருந்தாள்.

எங்கள் பக்கத்தில் மருமகள் மாமியாருக்கு முதுகு காட்டி நின்றாலே ஒரு வாரம் பேசுவார்கள். இவள் உள்ளங்காலையே காட்டினாள். வெளியே கட்டியிருந்த குதிரைகூட முகத்தைத் திருப்பிக்கொண்டது. ஜன்னல் வழியாக நானே பார்த்தேன், நம்பினால் நம்புங்கள்.

முதலில் வாய் திறந்தவர் ஷாமிர்கான். ஓய்வு பெற்ற போக்குவரத்துப் போலீஸ்காரர். அவர் தும்மினால் மலையில் பனி சரியும்.

"ஏம்மா, கண்ணு தெரியலையா? மாமியார் நிக்கிறாங்க."

"தெரியுது பெரியவரே."

"தெரிஞ்சுமா படுத்திருக்கே?"

"வசதியா இருக்கு."

"ஓஹோ. மெத்தை, தலைகாணி கொண்டாரச் சொல்லட்டுமா?"

"தலைகாணி மட்டும் போதும்."

டாக்டருக்காகக் காத்து நின்ற வரிசை மொத்தமும் அவளைத் திரும்பிப் பார்த்தது.

"என் மருமக மட்டும் இப்படிப் படுத்திருந்தா..." என்று ஆரம்பித்தாள் முழங்காலில் கட்டுப் போட்டிருந்த ஒருத்தி.

"உன் மருமகதான் போன வருஷமே ஓடிட்டாளே," என்றது பின்னால் ஒரு குரல்.

கிழவி மெல்லச் சொன்னாள். "விடுங்க தம்பி. நான் நின்னே பழகினவ."

"பாத்தீங்களா, எவ்வளவு பெரிய மனசு," என்றார் ஷாமிர்கான். அந்தப் பெரிய மனசு அவருடைய கோபத்தை இன்னும் கிளப்பிவிட்டது. "இந்தா பொண்ணு. எந்திரிக்கிறியா, இல்ல காவலாளியக் கூப்பிட்டு உங்க ரெண்டு பேரோட முறையையும் கடைசிக்குத் தள்ளட்டுமா? தலைநகரம் பிஷ்கெக்லேருந்து வந்த டாக்டர் மத்தியானமே கிளம்பிடுவார். கணவாய்ல பனி விழுந்தா அடுத்த மாசமும் வரமாட்டார். யோசிச்சுக்கோ."

அப்போதுதான் அவள் முகம் மாறியது. மாமியாரைப் பார்த்தாள். மாமியார் சுவரைப் பார்த்தாள். மருமகள் எழுந்துவிட்டாள்.

ஷாமிர்கான் தன் வெள்ளைக் கம்பளித் தொப்பியாலேயே பெஞ்சைத் துடைத்தார். கிழவியின் தோளைப் பிடித்து உட்காரவைத்தார்.

"வேண்டாம் தம்பி."

"நல்லா சாஞ்சு உட்காருங்க. நாங்க இருக்கோம்."

யாரோ அவள் கையில் சூடான டீக் கிண்ணத்தைத் திணித்தார்கள். இனி எழுந்திருக்கவும் வழியில்லை.

வாலிபத்தில் அவள் குதிரை ஏறினால் குதிரைதான் களைத்துப்போய், என்னை விட்டு இறங்கு என்று கெஞ்சுமாம். அப்படிப்பட்டவளுக்கு ஒரு மரப்பெஞ்சில் உட்கார்ந்து உதடு வேர்த்தது. கண்ணில் நீர் முட்டியது.

"சந்தோஷத்துல அழுறாங்க," என்றாள் முழங்கால்காரி.

கதவு திறந்தது. நர்ஸ் கையில் ஸ்கேன் படம்.

"மொல்தோயேவா யாரு? வால் எலும்புக்கு மேல, நரம்பு வேர்ல நீர்க்கட்டி. உட்காரவே முடியாதுன்னு எழுதியிருக்கு."

"இதோ," என்று முன்னால் வந்தாள் மருமகள்.

ஷாமிர்கானின் காது சிவந்தது.

"சொல்லியிருக்கலாமே மகளே. நாங்க என்ன பேய்ங்களா?"

"குடும்பப் பேரு மட்டும் போதாது. முழுப் பேரைச் சொல்லு," என்றாள் நர்ஸ்.

அவள் உதட்டைக் கடித்தாள். "அது ஒரு பழம்."

"என்னது?"

"உடைச்சா உள்ளே செவப்பு மணியா இருக்குமே, அந்தப் பழம்."

"உள்ளே டாக்டர் காத்திருக்கார். இங்க என்ன விடுகதை?"

ஷாமிர்கானின் வாய் தானாகப் பிளந்தது. மாதுளை. எங்கள் மொழியில் அனார். எங்கள் ஊரில் ஒரு மருமகள் ஒரு பெயரை விழுங்கினால் அது மாமனார் பெயர், இல்லாவிட்டால் மாமியார் பெயர். தன் பெயரை எவளும் விழுங்கமாட்டாள்.

எல்லாத் தலையும் பெஞ்சின் பக்கம் திரும்பியது.

"அனார் அம்மாவா? அவங்கள யாரு உட்கார வெச்சது?" நர்ஸ் தலையில் கை வைத்தாள். "ரெண்டு வருஷமா வாதம்னு நெனச்சு ஆட்டுக் கொழுப்பைத் தடவியிருக்காங்க. ஸ்கேன்லதான் கட்டி தெரிஞ்சுது. உட்கார்ந்தா அது நரம்பைப் போட்டு நெரிக்கும். இன்னைக்கு ஊசியால நீரை எடுத்து, மருந்துப் பசை வெச்சு அடைக்கப்போறோம். அதுக்குள்ள இப்படிப் பண்ணிட்டீங்களே."

ஷாமிர்கான் தொப்பிக்குள் எதையோ தேடினார். மருமகள் டீக் கிண்ணத்தை வாங்கி அவர் கையில் கொடுத்துவிட்டு, மாமியாரை இரண்டு கையாலும் தூக்கி நிறுத்தினாள்.

"அப்போ நீ எதுக்கும்மா படுத்தே?" என்றாள் முழங்கால்காரி.

"பெஞ்சு காலியா இருந்தா, அத்தைய நிக்க விட்டிருப்பீங்களா?"

"பெரியம்மா, நீங்களாவது ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?" என்றார் ஷாமிர்கான்.

"இத்தனை ஆம்பளைங்க முன்னாடி, எங்க வலிக்குதுன்னு தொட்டுக் காட்டச் சொல்றியா? கூச்சத்துல வாயை மூடிக்கிட்டேன். திட்டெல்லாம் இவ வாங்கிக்கிட்டா."

மருமகளின் தோளைப் பிடித்தபடி கதவு வரை போன கிழவி, அங்கே நின்று திரும்பினாள்.

"என் பின்பக்கத்துக்கு நீங்க கொடுத்த மரியாதை போதும் தம்பி. மிச்சம் ஏதாவது இருந்தா இவளுக்குக் கொடுங்க."