வீட்டோடு வந்த கொள்ளுத்தாத்தா

"கொள்ளுத்தாத்தாவ விழுந்து கும்பிட்டுக்கம்மா" என்றார் அழகுராஜா. பட்டுப்புடவை சரசரக்க, மகள் தாமரைச்செல்வி கூடத்துச் சுவரில் மாட்டியிருந்த படத்தின் முன் விழுந்து எழுந்தாள்.

ஆள் உயரப் படம். கொடுவா மீசை, சரிகைக் கோட்டு, இடது புருவத்துக்கு மேல் நீளமாய் ஒரு தழும்பு. சந்தனப் பொட்டும் மல்லிகை மாலையும் வேறு.

பரவை ஊருக்குப் பக்கத்தில் இருந்த அந்த ஜமீன் பங்களாவை அழகுராஜா வாங்கி ஆறு வருஷம்தான் ஆகிறது. ஜமீன் வாரிசுகள் அதைச் சினிமாக்காரர்களுக்கு வாடகைக்கு விட்டுப் பார்த்தார்கள், நெல் மூட்டை அடுக்கிப் பார்த்தார்கள், கடைசியில் விற்றுத் தொலைத்தார்கள். வீட்டோடு தூண் வந்தது, ஊஞ்சல் வந்தது, வௌவால் வந்தது. சுவரிலிருந்த கொள்ளுத்தாத்தாவும் இலவசமாக வந்து சேர்ந்தார்.

செங்கல் சூளைக்காரருக்கு வேறு எப்படித்தான் பரம்பரை வாய்க்கும்? "சூளைக்காரன் பொண்ணா?" என்று இரண்டு இடம் முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விட்டது. மகள் அழுத அன்றுதான் படத்துக்கு மாலை ஏறியது.

இன்று வந்திருப்பது அலங்காநல்லூர் இடம். மாப்பிள்ளை கேசரியை மறந்து பெண்ணையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் அப்பா நல்லகாமனுக்கும் பரம திருப்தி. ஆனால் தாய்மாமன் சின்னக்கருப்பன் தலையாட்டாமல் தட்டு மாறாதே!

அந்த மனுஷரோ மழமழவென்று சிரைத்த முகமும், புருவம்வரை இறக்கிக் கட்டிய தலைப்பாகையுமாகப் படத்தையே முறைத்துக்கொண்டிருந்தார். சபையில் தலைப்பாகையை அவிழ்க்கக்கூடத் தெரியாத ஜென்மம் என்று மனசுக்குள் கறுவியபடி, அழகுராஜா வாயெல்லாம் பல்லாகச் சிரித்தார்.

"இது யாருண்ணே?" என்றார் சின்னக்கருப்பன்.

"எங்க கொள்ளுத்தாத்தா. இந்த வீட்டக் கட்டுனதே அவுகதான். நாப்பது குதிரை நின்ன வாசல் இது!"

"நெத்தியில என்ன காயம்?"

"அதுவா! வரி கேட்டு வந்த வெள்ளக்காரத் துரை வாள வீசிட்டான். அந்த வாளையே புடுங்கி அவன வெரட்டுனாக."

முந்தின நாள் ஒத்திகையில் அது புலி பிறாண்டிய காயம். துரைதான் எடுப்பாக இருப்பான் என்று மாற்றியது அவர் மனைவி ஜெயக்கொடி.

"அடேங்கப்பா!" என்று வாய் பிளந்தார் நல்லகாமன்.

"எப்பத் தவறுனாக?" சின்னக்கருப்பன் விடுவதாயில்லை.

"ஆச்சு, எம்பது வருசம். உசிரு போறப்பக்கூட அந்த மீசை எறங்கலயாம்ணே!" அழகுராஜா கண்ணைத் துடைத்துக்கொண்டார். துண்டு நனையவில்லை.

சின்னக்கருப்பன் எழுந்து படத்துக்குப் பக்கத்தில் போய் நின்றார். தலைப்பாகையை மெதுவாக அவிழ்த்தார். இடது புருவத்துக்கு மேல் அதே நீளத்தில் ஒரு தழும்பு.

"துரையுமில்ல, வாளுமில்ல. எங்க ஊரு வாடிவாசல்ல மாடு குத்துனது. எழுவத்தெட்டுல இங்க சினிமா எடுத்தப்ப, செத்துப்போன ஜமீன்தாரு படம் வேணும்னு என்னையப் புடிச்சுக் கோட்ட மாட்டி, மீசைய ஒட்டுனாங்க. சம்பளம் ரெண்டு பரோட்டா."

மகள் முகத்தைப் பார்க்கும் தைரியம் அழகுராஜாவுக்கு வரவில்லை.

"சூளைக்காரன்னு விசாரிச்சுட்டுத்தான் வந்தேன். அத நீங்களே சொல்லியிருந்தாலும் பொண்ணு எடுத்திருப்போம்" என்றார் சின்னக்கருப்பன். "இப்பவும் எடுக்கத்தான் போறோம்."

பிறகு படத்தை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தார்.

"மொதல்ல மாலையக் கழட்டுங்க சம்பந்தி, நான் இன்னும் சாகல!"