வேதனையின் முகம்

"மூணே படம், மதாம்! அந்த முகத்துல இருந்த வேதனையைப் பார்க்கவே பாரிஸ் வரிசையில நின்னுச்சு. அப்புறம் ஏன் நடிக்கல?" நிருபர் எத்தியேன் கேட்டான்.

"எல்லாம் என் வீட்டுக்காரர் பண்ணின வேலை," என்று சிரித்தாள் சொலாஞ்ஜ்.

"தடுத்துட்டாரா?"

"சேச்சே! அப்போ எங்களுக்குக் கல்யாணமே ஆகல. 'இன்னும் ஒரே படம், அதுவரைக்கும் இவளைத் தொட்டுடாதீங்க'ன்னு டைரக்டர் அவர்கிட்ட கெஞ்சினார். அவர் கேட்டாத்தானே? தொட்டார். என் வேதனையெல்லாம் பறந்துடுச்சு. மறுநாள் கேமரா முன்னாடி நின்னா, முகத்துல ஒண்ணுமே இல்ல!"

எத்தியேனுக்கு முகம் காது வரை சிவந்தது. "காதல்னா சும்மாவா!"

"காதலெல்லாம் அப்புறம்தான், தம்பி. அன்னிக்கு அவர் கையில இருந்தது கொறடு. மூணு படமா என்னை அழ வெச்ச கடைவாய்ப் பல்லைப் பிடுங்கிட்டார்!"